பித்தம் என்றார்கள்

ஆகஸ்ட் 9

ஆடிப் பதினெட்டு முடிந்து புது வருஷக் காலண்டர் மாதிரிகளின் ஆல்பம் வெளியே போய்விட்டால், சிவகாசியில் எந்த அச்சகத்திலும் டிசைனருக்குத் தலைவலி வரக்கூடாது. எனக்கு வந்திருக்கிறது. நான் எழுந்திருப்பதற்கு முன்பே அது எழுந்து உட்கார்ந்திருக்கிறது. பல் தேய்க்கப் போன இடத்தில் வாந்தி. எடுத்து முடித்ததும் வலி பாதியாகிவிட்டது. பித்தம் என்று சொல்லி அம்மா இஞ்சிச் சாறு கொடுத்தாள். அவள் கணக்கில் உலகத்தில் மொத்தம் இரண்டு நோய், ஒன்று பித்தம், மற்றது கண்ணேறு.

முதலாளி ஒரு ஜவுளிக்கடைக் காலண்டரையும் ஒரு நகைக்கடைக் காலண்டரையும் சேர்த்து என் தலையில் கட்டினார். அடுத்த மாதம் பதிமூன்றாம் தேதி எனக்குக் கல்யாணம் என்று அவருக்குத் தெரியும். பத்திரிகையை நான் டிசைன் செய்ய, அவர்தான் காசு வாங்காமல் அடித்துக் கொடுத்தார். அந்தத் தாராளத்தை இப்போது வேலையாக வசூல் செய்கிறார். திட்டிக்கொண்டே செய்து முடித்தேன்.

ஆகஸ்ட் 11

எண்ணெய் தேய்க்கும்போது அம்மா வழக்கம்போல அந்த மேட்டை அமுக்கிப் பார்த்தாள். வலது காதுக்குப் பின்னால், முடிக்குள், புளியங்கொட்டை அளவுக்கு ஒரு மேடு. அமுக்கினால் பள்ளம் விழும், விட்டால் எழும். எழுந்தால் வேலை செய்கிறது என்று அர்த்தம். எந்தக் காலத்திலோ ஒரு டாக்டர் சொல்லிக் கொடுத்ததாம். "நல்லாத்தான் வருது" என்றாள். கொஞ்சம் மெதுவாக வந்ததே என்றேன். எண்ணெய் வழுக்குது, அதான், என்றாள்.

இதைப் பற்றி டைரியில் எழுதுவதில்லை என்றுதான் வைத்திருந்தேன். எழுதித் தொலைக்கிறேன். கைக்குழந்தையாக இருந்தபோது எனக்கு மூளைக்காய்ச்சல். அதில் தலைக்குள் நீர் தேங்க ஆரம்பித்தது. அந்த நீரை வடிக்க ஒரு மெல்லிய குழாய் வைத்தார்கள். தலையில் தொடங்கி, காதுக்குப் பின்னால் இறங்கி, கழுத்துத் தோலுக்கு அடியில் போய் வயிற்றில் விடுகிறது. ஷன்ட் என்று பெயர். நாலாம் வகுப்பில் ஒரு தடவை மாற்றினார்கள். அதற்குப் பிறகு அது இருப்பதே எனக்கு மறந்துபோகிற அளவுக்குச் சமர்த்தாக இருக்கிறது.

மாப்பிள்ளை வீட்டுச் சாத்தூர்க்காரர்களுக்கு இது தெரியாது. பெண் பார்க்க வந்த வாரத்தில், பழைய எக்ஸ்ரே ஃபிலிம் எடுப்பவர் தெருவில் வந்தபோது என் ஸ்கேன் படம் எல்லாவற்றையும் அம்மா தூக்கிப் போட்டுவிட்டாள். அப்பா இல்லாத வீடு, தலையில் குழாய் உள்ள பெண் என்று தெரிந்தால் யார் கட்டிக்கொள்வார்கள் என்பது அவள் கேள்வி. நானும் அதற்குச் சம்மதித்தேன். அதோடு, தனபாலனை எனக்குப் பிடித்துவிட்டது. சாத்தூரில் பைக் உதிரிப்பாகக் கடை வைத்திருக்கிறார். பெண் பார்க்க வந்த அன்று எல்லாரும் என்னைப் பார்க்க, அவர் மட்டும் கேசரியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஆகஸ்ட் 14

மகாலிங்கம் அண்ணாச்சியோடு சண்டை. நாலு கலர் மிஷின் அவர் பொறுப்பு. நகைக்கடைக் காலண்டரில் ரெஜிஸ்டர் போயிருக்கிறது, நாலு கலரும் ஒன்றன்மேல் ஒன்று உட்காரவில்லை, அம்மன் மூக்குத்தி இரண்டாகத் தெரிகிறது என்று ஷீட்டைத் திருப்பி அனுப்பினேன். அவர் லென்ஸை வைத்துப் பார்த்துவிட்டு, புள்ளி மேல் புள்ளி உட்கார்ந்திருக்கிறது என்றார். நானும் லென்ஸில் பார்த்தேன். லென்ஸில் சரியாக இருக்கிறது, எடுத்தால் இரண்டாகிறது. மை அப்படி, பேப்பர் அப்படி என்று ஏதோ சொல்லிச் சமாளித்தேன். "கல்யாணப் பொண்ணுக்கு எல்லாமே ரெண்டாத்தான் தெரியும்" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை, அவருடைய மிஷின் மேல்தான் எனக்கு இன்னும் சந்தேகம்.

ஆகஸ்ட் 15

விடுமுறை. நாள் முழுக்கத் தூங்கினேன். சாப்பிட அம்மா எழுப்பினாளாம், ஞாபகம் இல்லை.

ஆகஸ்ட் 18

சொர்ணம் அத்தை வந்திருக்கிறாள். அப்பாவின் அக்கா. கல்யாணம் முடியும்வரை இருந்து உதவி செய்வாளாம். வந்த காலையிலேயே நான் கொல்லையில் வாந்தி எடுப்பதைப் பார்த்துவிட்டாள். தண்ணீர் மொண்டு கொடுத்தாள், முதுகைத் தடவினாள். பிறகு என்னை மேலும் கீழும் பார்த்தாள். அந்தப் பார்வை எனக்கு அப்போது புரியவில்லை.

மத்தியானம் அம்மாவைச் சமையலறைக்குள் வைத்துக் கதவைச் சாத்தினாள். வெளியே வந்த அம்மாவின் முகம் வெளிறியிருந்தது. அத்தை மருந்துக்கடைக்குப் போய் ஒரு சின்ன அட்டைப்பெட்டி வாங்கி வந்து என் கையில் வைத்தாள். சத்தம் போடாமப் போய்ப் பாத்துட்டு வா தாயி என்றாள்.

என் உடம்பெல்லாம் எரிந்தது. தனபாலனை நான் இதுவரை பார்த்ததே இரண்டு தடவை, இரண்டு தடவையும் சுற்றி ஒரு ஊரே நின்றது. அம்மா ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும், அண்ணி, அவளுக்குச் சின்ன வயதிலிருந்தே தலையில் இப்படி என்று. நாங்கள் அப்போது மதுரையில் இருந்தோம், அத்தைக்குக்கூட அது தெரியாது. அம்மா தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். நான் அந்தப் பெட்டியோடு குளியலறைக்குப் போனேன். ஒரு கோடுதான் விழுந்தது. கொண்டுவந்து அத்தையிடம் நீட்டினேன். ஆரம்பத்துல சில பேருக்குக் காட்டாது என்றாள்.

ஆகஸ்ட் 20

தனபாலன் போன் செய்தார். வழக்கமாக அவர் பேசுவது கடை, மழை, செயின் ஸ்ப்ராக்கெட். இன்று கொஞ்சம் தயங்கினார். உடம்பு சரியில்லை என்று கேள்விப்பட்டாராம். சாத்தூருக்கும் சிவகாசிக்கும் நடுவில் எத்தனை வாய் இருக்கிறதோ. "எதுவா இருந்தாலும் எங்கிட்டச் சொல்லலாம்" என்றார். அந்த 'எதுவா'வில் என்ன இருந்தது என்று எனக்குப் புரிந்தது. தலைக்குள் இருப்பதைச் சொன்னால் அந்தச் சந்தேகத்தைத் துடைத்துவிடலாம். வெறும் பித்தம் என்றேன். ஓ என்றார். வைத்துவிட்டார்.

சொல்லியிருக்கலாம். குழாய் வேலை செய்துகொண்டுதானே இருக்கிறது, அமுக்கினால் எழுகிறதே, பிறகு எதற்கு அதை இழுக்க வேண்டும்.

ஆகஸ்ட் 22

பஜார் டாக்டரிடம் போனோம். காலையில் வலி, வாந்தி, கம்ப்யூட்டர் வேலை என்று அம்மா வரிசையாகச் சொன்னாள். ஒற்றைத் தலைவலி என்றார். எழுதிக்கொண்டே, முன்னால் ஏதாவது ஆபரேஷன் உண்டா என்று கேட்டார். நாங்கள் உட்கார்ந்திருந்த பெஞ்சில் சாத்தூர்ப் பெண் ஒருத்தியும் உட்கார்ந்திருந்தாள். அம்மா இல்லை என்றாள். நான் சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எங்கள் அச்சகத்தில் அடித்ததுதான். அதிலும் பிள்ளையாருக்கு இரண்டு தும்பிக்கை.

திரும்பும்போது படி இல்லாத இடத்தில் கால் வைத்துவிட்டேன். புதுச் செருப்பு.

ஆகஸ்ட் 24

முதலாளி கூப்பிட்டார். ஜவுளிக்கடைக் காலண்டர், அக்டோபர் பக்கம். 17 இரண்டு தடவை இருக்கிறது, 18 இல்லை. அடித்து, வெட்டி, தகரம் போட்டுக் கட்டும்போது பைண்டிங்கில் கண்டுபிடித்திருக்கிறார்கள். என் கையெழுத்துப் போட்ட புரூஃபை மேஜைமேல் வைத்தார். அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. இத்தனை வருஷத்தில் நான் ஒரு தேதியைத் தவறவிட்டதில்லை. அந்தப் புரூஃபைப் பார்த்ததே எனக்கு நினைவில்லை, ஆனால் கையெழுத்து என்னுடையது. இரண்டு 17 இருப்பதைக் கண்டுகொள்ளாமல் விட்டிருக்கிறேன், கல்யாணப் பொண்ணுக்கு எல்லாமே ரெண்டு என்று அண்ணாச்சி சொன்னது சரிதான் போல.

ஆகஸ்ட் 24

இன்று எழுதிவிட்டேனா. அத்தை பேசுகிறாள், தூரத்தில் பேசுகிறாள். மேலே ஃபேனைப் பார்க்க முடியவில்லை, கண் ஏற மாட்டேன் என்கிறது. தூக்கமாக வருகிறது. ஜாக்கெட் அளவு கொடுக்க வேண்டும். ஜாக்கெட்

செப்டம்பர் 1

மதுரை. ஆஸ்பத்திரிப் படுக்கையில் உட்கார்ந்து எழுதுகிறேன். அம்மாவிடம் சொல்லி டைரியை வரவழைத்தேன். மேலே உள்ளதைப் படித்துப் பார்த்தேன். ஒரே தேதியில் இரண்டு தடவை எழுதியிருக்கிறேன், காலண்டரில் செய்த அதே வேலை.  இதை எழுதியவள் எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் எழுதியிருக்கிறாள், ஒன்றைக்கூடப் பார்க்கவில்லை.

நடந்ததை மற்றவர்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். மறுநாள் அச்சகத்தில் நாற்காலியிலிருந்து சரிந்திருக்கிறேன். அண்ணாச்சியும் முதலாளியும் காரில் போட்டு உள்ளூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். அத்தை ஓடிவந்து, டாக்டரிடம் முதலில் சொன்னது, பிள்ளை முழுகாம இருக்கலாம், மருந்தைப் பாத்துக் குடுங்க என்பது. டாக்டர் அந்த வழியில் கேள்வி கேட்க ஆரம்பித்திருக்கிறார். அப்போதுதான், அத்தை, முதலாளி, அண்ணாச்சி, நர்ஸ் எல்லாரும் நிற்கும்போது, அம்மா சொன்னாளாம்: "அதெல்லாம் இல்ல சார். அவ தலைக்குள்ள குழாய் இருக்கு."

அங்கிருந்து நேராக மதுரை. இங்கே மூளை அறுவை சிகிச்சை செய்கிற டாக்டரம்மா. ஸ்கேன் எடுத்தார்கள். தலைக்குள் நீர் அறைகள் பெரிதாகத்தான் இருந்தன. ஆனால் குழாய் வைத்தவர்களுக்குச் சாதாரணமாகவே கொஞ்சம் பெரிதாக இருக்கும், நன்றாக இருந்தபோது எடுத்த படம் இருந்தால் ஒரு நிமிஷத்தில் சொல்லிவிடலாம் என்று கேட்டிருக்கிறார். அம்மாவிடம் எங்கே இருக்கிறது படம். ஃபிலிம் எடுப்பவரிடம் எடைக்குப் போய்விட்டது. அதனால் தலை, கழுத்து, நெஞ்சு, வயிறு என்று குழாய் போகிற வழி முழுக்க எக்ஸ்ரே எடுத்து, எங்கேயாவது ஒடிந்திருக்கிறதா என்று பார்த்தார்கள். ஒடியவில்லை. பிறகு காதுக்குப் பின்னால் உள்ள மேட்டில் மெல்லிய ஊசியைக் குத்தினார்கள். சொட்டுச் சொட்டாக நீர் வர வேண்டும். வரவில்லை. மேல் முனை, மூளைக்குள் இருக்கிற முனை, அடைத்துவிட்டது. சதை வளர்ந்து உள்ளே புகுந்திருந்ததாம். அன்றைக்கே திறந்து, மேல் குழாயையும் மேட்டையும் மாற்றிவிட்டார்கள்.

கண் விழித்தபோது வலி இல்லை. வீட்டில் ஓடிக்கொண்டே இருந்த கிரைண்டரை யாரோ நிறுத்தியது மாதிரி இருந்தது. மேலே பார்த்தேன். ஃபேன் ஒன்றுதான் இருந்தது.

செப்டம்பர் 2

அம்மா டாக்டரம்மாவிடம், அமுக்கும்போது எழும்பத்தானே செய்தது என்று கேட்டாள். பாவம், தவறு செய்த பிள்ளை மாதிரி நின்றாள். டாக்டரம்மா திட்டவில்லை. அடைத்திருந்தாலும் சில சமயம் எழும்பும், நன்றாக இருந்தாலும் சில சமயம் எழும்பாது, விரலால் அதைக் கண்டுபிடிக்க முடியாது, இனிமேல் அமுக்கவே வேண்டாம் என்றார். தலைவலி, வாந்தி, தூக்கம், இந்த மூன்றில் எது வந்தாலும் முதலில் குழாயைச் சந்தேகப்படுங்கள், மற்றதெல்லாம் பிறகு என்றார்.

எனக்குச் சொன்னதுதான் இன்னும் காதில் நிற்கிறது. "இது அடைச்சா முதல்ல மங்குறது உங்க யோசனைதான். அதனால உங்களை நம்பி இருக்க முடியாது. கூட இருக்கறவங்களுக்குத் தெரிஞ்சிருக்கணும்." கூட இருக்கிறவர்கள் என்றால் இனி யார் என்று நான் கேட்கவில்லை.

செப்டம்பர் 4

தனபாலன் வந்தார். தலையில் ஒரு பக்கம் முடி இல்லை, கட்டு வேறு. முக்காடு போட்டுக்கொள்ளச் சொன்னாள் அம்மா. போடவில்லை. பார்க்கட்டும் என்று இருந்தேன். வெட்கமாகத்தான் இருந்தது.

ஸ்டூலில் உட்கார்ந்து ஆரஞ்சுப் பையை மடியில் வைத்துக்கொண்டார். பிறகு, "ஊர்ல வேற மாதிரி சொன்னாங்க. அப்படியே இருந்தாலும் கட்டிக்கிறேன்னு சொல்லத்தான் அன்னிக்குப் போன் பண்ணேன்" என்றார். யாருடையது என்றுகூட அவர் கேட்கத் தயாராக இல்லை.  அவ்வளவு பெரிய மனசுக்காரர் அடுத்து, இது பிறக்கிற பிள்ளைகளுக்கு வருமா என்று கேட்டார். வராது, இது காய்ச்சலில் வந்தது என்றேன். திரும்ப அடைக்குமா என்றார். அடைக்கலாம் என்றேன். எப்போது என்றார். தெரியாது என்றேன்.

எழுந்து, ஆரஞ்சுப் பையை வைத்துவிட்டுப் போனார். இல்லாத பிள்ளையை ஏற்க இருந்தவருக்கு, இருக்கிற குழாயைப் பார்த்துப் பயம். கோபம் வருகிறது. அவர் பயந்ததில் நியாயம் இருக்கிறது என்பதும் தெரிகிறது, அதனால் கோபம் இன்னும் அதிகமாக வருகிறது.

செப்டம்பர் 8

வீட்டுக்கு வந்தாயிற்று. பதிமூன்றாம் தேதி நடக்காது என்று ஆகிவிட்டது, தனபாலனிடமிருந்து போன் இல்லை. போனை மேஜையில் வைக்கிறேன், எடுக்கிறேன், சார்ஜ் இருக்கிறதா என்று பார்க்கிறேன், திரும்ப வைக்கிறேன். அண்ணாச்சி வந்து பார்த்தார். ஜவுளிக்கடைக் காலண்டரில் அந்த ஒரு பக்கத்தை மட்டும் மாற்றி அடித்துவிட்டார்களாம். "உன் கண்ணுதான் ரெஜிஸ்டர் அவுட்டுன்னு எனக்கெப்படித் தாயி தெரியும்" என்றார். நான் அவர் மிஷினைத் திட்டியதற்கு அவர் என்னிடம் வருத்தப்படுகிறார்.

அம்மா ஒரு யோசனை வைத்திருக்கிறாள். சாத்தூரில் கேட்டால், தலையில் சின்னக் கட்டி, எடுத்தாச்சு, முடிஞ்சது என்று சொல்லிவிடலாமாம். முடிக்குச் சவுரி வைத்துக்கொள்ளலாமாம். கேட்டுக்கொண்டே இருந்த நான் சோற்றுத் தட்டைத் தள்ளிவிட்டேன். இன்னொரு தடவை ஒளித்தால் நான் செத்துப்போவேன் என்று கத்தினேன். அம்மா அழுதாள். அவள் தனி ஆளாக என்னைத் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாக அலைந்தவள். அவளிடம் கத்தியது தப்பு, சொன்னது தப்பில்லை.

செப்டம்பர் 13

இன்று எனக்குக் கல்யாணம். தயிர்ச்சோறு சாப்பிட்டேன்.

செப்டம்பர் 17

சாயங்காலம் தனபாலனும் அவர் அம்மா வெள்ளத்தாயும் வந்தார்கள். முன்னறிவிப்பு இல்லை. அடுத்த தெருவுக்குப் போயிருந்த சொர்ணம் அத்தை ஓடிவந்து கதவோரம் நின்றுகொண்டாள். வெள்ளத்தாய் அத்தை பெஞ்சில் உட்கார்ந்து, தண்ணீர் குடித்து, சேலைத் தலைப்பால் வாயைத் துடைத்துக்கொண்டு, என் தலையைப் பார்த்தார்கள். ஒரு பக்கம் முள்ளு முள்ளாக முடி. மறைக்காமல் திரும்பி உட்கார்ந்து காட்டினேன்.

பையன் ஒரு வாரமாகக் கடையைச் சரியாகத் திறக்கவில்லையாம். வேண்டும் என்றும் சொல்லவில்லையாம், வேண்டாம் என்றும் சொல்லவில்லையாம். அதனால் நேரில் கேட்டுவிடலாம் என்று இழுத்துக்கொண்டு வந்திருக்கிறார்கள். தனபாலன் தரையைப் பார்த்தார். ஆபரேசனோட எல்லாம் முடிஞ்சிருச்சுதானே என்று அவர் அம்மா கேட்டார்கள்.

"முடிஞ்சிருச்சு மதினி, முடிஞ்சிருச்சு" என்றாள் அம்மா.

முடியவில்லை என்றேன். அம்மா என் கையைப் பிடித்தாள், விலக்கிக்கொண்டேன். இந்தக் குழாய் திரும்ப அடைக்கலாம், நாளைக்கே அடைக்கலாம், நான் கிழவியான பிறகும் அடைக்கலாம், அடைக்காமலும் போகலாம் என்றேன். அடைத்தால் தலை வலிக்கும், வாந்தி வரும், தூங்கிக்கொண்டே இருப்பேன், அப்போது என்னைக் கேட்டால் ஒன்றுமில்லை என்றுதான் சொல்வேன், அன்றைக்கும் அதைத்தான் சொன்னேன் என்றேன்.  நிறுத்தினால் அப்புறம் பேச முடியாது என்று தெரிந்து நிறுத்தாமல் சொன்னேன்:

"கல்யாணத்துக்கு முன்னாடி வாந்தி எடுத்தேன், தப்பா நினைச்சாங்க. அதுல பொழைச்சிட்டேன். கல்யாணத்துக்கு அப்புறம் எடுத்தா நல்லதா நினைப்பீங்க அத்தை. தூங்கினா, மசக்கை, தூங்கட்டும்பீங்க. சீனி வாங்கி வந்து தெருவுக்கே குடுப்பீங்க. அந்தச் சந்தோசத்துலயே நான் போயிருவேன்."

 கதவோரம் சொர்ணம் அத்தை தலைப்பை வாயில் வைத்துக்கொண்டாள். அம்மாவைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. இத்தோடு முடிந்தது, முடியட்டும் என்று நினைத்தேன். மனசு அடித்துக்கொண்டது, வேண்டும் வேண்டும் என்றுதான் அடித்துக்கொண்டது.

வெள்ளத்தாய் அத்தை என் தலையில் முடி இல்லாத பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு மகனிடம், அந்த டாக்டரம்மா நம்பரை என் போனில் போட்டுக் கொடு, உன் போனிலும் போடு, கடைச் சுவரிலும் பெரிசாக எழுதி வை என்றார்கள். அவர் உடனே என் பக்கம் போனை நீட்டினார். நம்பரைச் சொல்லும்போது ஒரு எண்ணை மாற்றிச் சொல்லிவிட்டேன், அவர் திரும்பக் கேட்டுச் சரிபார்த்தார்.

"நீ சொல்றது மெய்தான். வாந்தி எடுத்தா சீனிதான் எனக்கு முதல்ல ஞாபகம் வரும்" என்றார்கள் அத்தை. "வாங்கி வச்சிருப்பேன் தாயி. ஸ்கேன் எடுத்து, குழாய் நல்லாருக்குன்னு டாக்டர் சொன்னப்புறம் உன் வாயில போடுறேன்."

நான் அழுதுவிட்டேன். அழுதால் தையல் பிரித்த இடம் இழுக்கிறது. இழுக்கட்டும் என்று அழுதேன்.